கண்டியில் ஒரு சுடுநீர்க் குளியலின் விலை: மின்சாரமா, எரிவாயுவா?

கண்டியில் ஒருவர் ஒருமுறை சுடுதண்ணீரில் குளிக்க என்ன செலவாகும்? 2025 ஜூனில் நடைமுறைக்கு வந்த மின்கட்டணத்தை வைத்துப் பார்த்தால், ஒரு வீட்டில் ஐந்து ரூபாய்க்கும் குறைவு. அதே வீதியில் இன்னொரு வீட்டில் 37 ரூபாய். இரண்டு வீட்டிலும் மின் ஹீட்டர்தான்; தண்ணீரும் அதே மகாவலித் தண்ணீர்; சூடும் ஒன்றே. மூன்றாவது வீட்டில் எரிவாயு ஹீட்டர் இருந்தால் அங்கே ஏறத்தாழ 17 ரூபாய். 'கரண்ட் மலிவா, கேஸ் மலிவா' என்று விசாரிப்பவருக்கு ஆளுக்கொரு பதில் கிடைப்பது இதனால்தான். பதில் சொல்பவர்கள் எல்லோரும் உண்மையைத்தான் சொல்கிறார்கள், ஆனால் ஒவ்வொருவரும் தத்தம் வீட்டுக்கான உண்மையைச் சொல்கிறார்கள்.

இந்தக் கணக்கில் இயற்கை தீர்மானிக்கும் பகுதி ஒன்று, மனிதர் தீர்மானிக்கும் பகுதி ஒன்று என இரண்டு உண்டு. தண்ணீரைச் சூடாக்க எவ்வளவு சக்தி வேண்டும் என்பது முதலாவது; அது எந்த அரசாங்கத்திலும் மாறாது. அந்தச் சக்திக்கு என்ன விலை என்பது இரண்டாவது. அது காலத்துக்குக் காலம் மாறுகிறது.

கண்டி நகரம் கடல் மட்டத்திலிருந்து சுமார் 500 மீற்றர் உயரத்தில் இருக்கிறது. மார்கழி, தை மாத இரவுகளில் வெப்பநிலை 18 பாகை செல்சியஸ் அளவுக்கு இறங்கினாலும், குழாயில் வரும் தண்ணீர் பொதுவாக 23 பாகையை ஒட்டியே இருக்கும். உடம்புக்கு இதமான குளியல் நீர் 40 பாகை. ஆக, தண்ணீரை 17 பாகை உயர்த்த வேண்டும். ஷவரில் ஒரு குளியலுக்கு 30 லீற்றர் என்று வைத்துக்கொள்ளலாம். நுவரெலியாவில், 1,868 மீற்றர் உயரத்தில், தொடக்கமே 15 பாகை என்றால் 25 பாகை உயர்த்தியாக வேண்டும். அங்கே அதே குளியலுக்குச் சக்தி ஏறத்தாழ ஒன்றரை மடங்கு.

ஒரு பொருளின் ஒரு கிலோவை ஒரு பாகை சூடேற்றத் தேவைப்படும் சக்தியைத் தன்வெப்பக் கொள்ளளவு என்பார்கள். நாம் அன்றாடம் கையாளும் பொருள்களில் இது நீருக்கு மிக அதிகம். அதே எடையுள்ள இரும்பைச் சூடாக்குவதைவிட நீரைச் சூடாக்க ஒன்பது மடங்குக்கு மேல் சக்தி வேண்டும். ஒரு லீற்றர் நீரை ஒரு பாகை உயர்த்த ஒரு கிலோகலோரி. மின்பட்டியலில் 'ஓர் அலகு' என்று வருவது 860 கிலோகலோரி. முப்பது லீற்றரை 17 பாகை உயர்த்த 510 கிலோகலோரி, அதாவது 0.6 அலகு. மின்சாரமோ, எரிவாயுவோ, விறகோ, எதில் சூடாக்கினாலும் தண்ணீருக்குள் போய்ச் சேர வேண்டிய சக்தி இவ்வளவுதான். இதைக் குறைக்கும் ஹீட்டர் எதுவும் இல்லை. விளம்பரத்தில் யார் எதைச் சொன்னாலும் இல்லை.

மின்சாரத்தையும் நெருப்பையும் ஒரே அளவுகோலால் அளக்கலாம் என்பது இன்று சாதாரணமாகத் தெரிகிறது. 1840கள் வரை அது தெளிவாகவில்லை. வெப்பம் என்பது பொருள்களுக்குள் ஓடும் ஒருவகைத் திரவம் என்றே அறிஞர் பலர் நம்பினர். இங்கிலாந்தின் சல்ஃபோர்ட் நகரில் பியர் வடிக்கும் குடும்பத்தில் பிறந்த ஜேம்ஸ் யூல், பாத்திரம் ஒன்றில் நீரை நிரப்பி, அதனுள் துடுப்புச் சக்கரம் ஒன்றைப் பொருத்தினார். நூலில் கட்டிய எடைகள் மெல்ல இறங்கும்போது சக்கரம் சுழன்று நீரைக் கலக்கியது. தீயே இல்லாமல் நீர் சிறிதளவு சூடேறியது. அந்த மிகச் சிறிய உயர்வை அவர் பொறுமையோடு மீண்டும் மீண்டும் அளந்தார். எடை எவ்வளவு இறங்கியது, நீர் எவ்வளவு சூடேறியது என்ற இரண்டுக்கும் இடையில் எப்போதும் ஒரே விகிதம் வந்தது. மின்சாரம் பாயும் கம்பியில் உண்டாகும் வெப்பத்தை அளந்தபோதும் கணக்கு ஒத்துப்போனது. ஆக வெப்பம் தனி ஒரு பண்டம் அன்று. சக்தியின் வடிவங்களில் ஒன்று. இன்று நாம் கிலோகலோரியை அலகாக மாற்றி, அலகை ரூபாயாக மாற்றுவதற்கு அடிப்படை அந்தத் துடுப்புச் சக்கரம்தான்.

அந்த விகிதத்தை இன்றைய அளவில் சொன்னால் கண்டியில் இருப்பவருக்குச் சற்று அதிர்ச்சியாகவே இருக்கும். ஒரு லீற்றர் நீரை ஒரே ஒரு பாகை சூடாக்கும் சக்தி, அதே நீரை 427 மீற்றர் உயரத்துக்குத் தூக்கப் போதும். இதைத் திருப்பிப் போட்டுப் பார்க்கலாம். தெல்தெனியவுக்கு அருகே மகாவலியை மறித்து நிற்கும் விக்டோரியா அணை 122 மீற்றர் உயரம். அங்கிருந்து சுரங்கம் வழியாக மின்நிலையத்துக்கு இறங்கும் நீரின் மொத்த வீழ்ச்சி சுமார் 190 மீற்றர். அந்த நீரால் ஒரு குளியலுக்கான 0.6 அலகை உண்டாக்க, சுழலியிலும் மின்கம்பிகளிலும் ஏற்படும் இழப்பையும் சேர்த்துப் பார்த்தால், ஏறத்தாழ 1,400 லீற்றர் நீர் இறங்கியாக வேண்டும். முப்பது லீற்றரைச் சூடாக்க ஆயிரத்து நானூறு லீற்றர்! ஒரு வீட்டில் சுடுநீர்தான் மின்பட்டியலை உப்பச் செய்கிறது என்பதன் காரணம் இங்கே இருக்கிறது. மின்குமிழ், மின்விசிறி, தொலைக்காட்சி எல்லாம் இதன் பக்கத்தில் நிற்கவே முடியாது.

இனி ஹீட்டர்களுக்கு வரலாம். செலுத்திய சக்தியில் எத்தனை பங்கு பயனாகிறது என்பதை வினைத்திறன் என்கிறோம். மின்சாரத்தைப் பொறுத்தவரை இதில் பெரிய பேச்சுக்கு இடமில்லை. சுருள்கம்பி நீருக்குள்ளேயே இருக்கிறது. அது வெளியிடும் வெப்பத்துக்கு நீரைத் தவிரப் போக்கிடம் இல்லை. உடனடி ஹீட்டரின் வினைத்திறன் ஏறத்தாழ நூற்றுக்கு நூறு. விலை கூடிய ஹீட்டர் என்றாலும் குறைந்த ஹீட்டர் என்றாலும் இந்த ஒரு விடயத்தில் வேறுபாடு கிடையாது.

வேறுபடுவது வேகம். குளியலறைகளில் பொதுவாகக் காணப்படும் 3.5 கிலோவாற்று ஹீட்டர், கண்டித் தண்ணீரை 17 பாகை உயர்த்த வேண்டுமானால் நிமிடத்துக்கு மூன்று லீற்றர்தான் தரும். குழாயை அகலத் திறந்தால் நீர் கூடும், சூடு குறையும். நுவரெலியாவில் அதே ஹீட்டர் நிமிடத்துக்கு இரண்டு லீற்றரோடு நின்றுவிடும். சிறிய எரிவாயு ஹீட்டரோ பத்துக் கிலோவாற்றுக்குச் சமமான வெப்பத்தைத் தருவதால் அதன் நீர் கண்டியில் நிமிடத்துக்கு எட்டு லீற்றருக்கு மேல் பாயும். சாதாரண வீட்டின் 30 அம்பியர் மின்னிணைப்பால் மொத்தமாகவே ஏழு கிலோவாற்றுக்கு மேல் தாங்க முடியாது. 'கேஸ் ஹீட்டர்தான் நல்லது, உடனே கொதிக்கிறது' என்று பலர் சொல்வது இந்த வேகத்தைப் பார்த்துத்தான். வேகத்துக்கும் செலவுக்கும் நேரடித் தொடர்பு இல்லை. மறைமுகமாக உண்டு, அதுவும் எதிர்த்திசையில்: மெல்லிதாக ஒழுகும் மின் ஷவரில் நிற்பவர் குறைந்த நீரோடு முடித்துக்கொள்வார், தாராளமாகப் பாயும் எரிவாயு ஷவரில் முப்பது லீற்றர் தெரியாமலே ஐம்பதாகிவிடும்.

மின் ஹீட்டரில் இன்னொரு வகை, நீரைத் தாங்கியில் சேமித்துச் சூடாக வைத்திருக்கும் கீசர். இதைப் பற்றி வீடுகளில் ஒரு பிடிவாதமான நம்பிக்கை உண்டு: அணைத்து அணைத்துப் போட்டால் ஒவ்வொரு முறையும் முதலிலிருந்து சூடாக்க வேண்டும், அதனால் எப்போதும் போட்டே வைப்பதுதான் சிக்கனம் என்று. இது தவறு. சூடான தாங்கியை ஓட்டை வாளியாக நினைத்தால் காரணம் விளங்கும். அடியில் ஓட்டையுள்ள வாளியில் நீர்மட்டம் உயர உயர ஒழுக்கு வேகமாகும். மட்டம் தாழத் தாழ ஒழுக்கு தணியும். நாள் முழுவதும் விளிம்புவரை நிரப்பியே வைப்பவர் நாள் முழுவதும் மிக வேகமான ஒழுக்குக்கு ஈடுகொடுக்கிறார். தேவைப்படும்போது மட்டும் நிரப்புபவர், இடைநேரத்தில் ஒழுகாமல் போனதை மிச்சம் பிடிக்கிறார். தாங்கியின் வெப்பமும் இப்படித்தான் சுவர் வழியாக வெளியேறுகிறது. சுற்றியுள்ள காற்றுக்கும் நீருக்கும் இடையிலான வெப்பநிலை வித்தியாசம் எவ்வளவோ அவ்வளவு வேகம். 25 லீற்றர் கீசரை 60 பாகையில் நாள் முழுவதும் வைத்திருந்தால், ஒருவரும் குளிக்காவிட்டாலும், அதன் உறையின் தரத்தைப் பொறுத்து நாளொன்றுக்கு அரை அலகிலிருந்து ஓர் அலகுவரை போகும். மாதத்துக்கு 15 முதல் 30 அலகு. குளிப்பதற்கு அரைமணி முன்பு போட்டு, குளிக்கும்போது அணைத்தால் இந்த இழப்பு பெரும்பாலும் இல்லாமலே போகும்.

இதை நம்ப வேண்டியதில்லை, பார்க்கலாம். வீட்டு முன்சுவரில் உள்ள மின்னணு மின்மானியில் ஒரு சிவப்புப் புள்ளி மின்னிக்கொண்டிருக்கும். ஓர் அலகுக்கு எத்தனை துடிப்பு என்று அதன் முகத்திலேயே அச்சிட்டிருக்கும். 1,600 என்று இருந்தால் 16 துடிப்பு நூறில் ஓர் அலகு. குளிர்சாதனப் பெட்டி உட்பட மற்ற எல்லாவற்றையும் சிறிது நேரம் அணைத்துவிட்டு, ஏற்கெனவே சூடாகிவிட்ட கீசரை மட்டும் விட்டுவைத்தால், புள்ளி நெடுநேரம் அசையாமல் கிடக்கும், திடீரென்று சில நிமிடம் படபடவென்று மின்னும், மீண்டும் அடங்கும். யாரும் குழாயைத் திறக்காதபோது நிகழும் அந்தப் படபடப்புதான் ஒழுக்கின் விலை.

எரிவாயுவின் கணக்கு இதைவிடச் சுவையானது. சிலிண்டரில் இருப்பது புரொப்பேனும் பியூட்டேனும் கலந்த திரவம். ஒரு கிலோவில் எவ்வளவு வெப்பம் இருக்கிறது என்பதை, ஒரு கலத்துக்குள் ஒட்சிசனோடு சேர்த்து எரித்து, கலத்தைச் சூழ்ந்த நீர் எவ்வளவு சூடேறுகிறது என்று அளந்து அறிகிறார்கள். யூலின் பாத்திரத்தின் நேரடி வாரிசு இது. ஒரு கிலோவுக்கு ஏறத்தாழ 50 மெகாயூல் வருகிறது. ஆனால் வீட்டு ஹீட்டரில் இது முழுவதும் கைக்கு வராது. ஒரு கிலோ எரிவாயு எரியும்போது ஏறத்தாழ 1.6 கிலோ நீராவி உண்டாகிறது. நெருப்பிலிருந்து நீர் பிறப்பது விந்தையாகத் தோன்றலாம். எரிபொருளில் உள்ள ஐதரசன் காற்றின் ஒட்சிசனோடு சேர்ந்தால் கிடைப்பது நீர்தான். இந்த நீராவி குளிர்ந்து நீராகாமல் ஆவியாகவே வெளியேறும்போது தன் மறைவெப்பத்தையும் கொண்டுபோய்விடுகிறது. அதைக் கழித்தால் கிலோவுக்கு 46 மெகாயூல், அதாவது 12.8 அலகு. 12.5 கிலோ சிலிண்டரில் 160 அலகு.

அதிலும் ஒரு பங்கு சூடான புகையாகப் போய்விடும். செப்புச் சுருளைச் சுற்றி நீர் ஓட, கீழே சுவாலை எரிய, மேலே எழும் வாயு இன்னும் சூடாகவே வெளியேறுகிறது. நல்ல நிலையில் உள்ள உடனடி எரிவாயு ஹீட்டரின் வினைத்திறன் 80 சதவீதத்தைச் சற்றுத் தாண்டும். 82 என்று எடுத்தால் ஒரு சிலிண்டரிலிருந்து தண்ணீருக்குச் சேர்வது 131 அலகு. கண்டியின் கணக்கில் அது 220 குளியல். நாலு பேர் தினமும் குளித்தால் ஏறத்தாழ 55 நாள். இதற்கும் சோதனை எளிது. சிலிண்டரின் வெற்று எடை அதிலேயே பொறித்திருக்கும். பத்துக் குளியலுக்கு முன்னும் பின்னும் நிறுத்துப் பார்த்தால் அரைக் கிலோவுக்குச் சற்று மேல் குறைந்திருக்க வேண்டும். ஒரு கிலோ குறைந்திருந்தால் ஹீட்டரைத் துப்புரவாக்க வேண்டும், அல்லது குளிப்பவர்கள் அறுபது லீற்றர் ஊற்றுகிறார்கள்.

பாவனையில் இருக்கும் சிலிண்டரின் கீழ்ப்பகுதி குளிர்ந்து வியர்ப்பதையும் காணலாம். உள்ளே உள்ள திரவம் ஆவியாகத் தேவையான வெப்பத்தைச் சிலிண்டரின் உலோகத்திலிருந்தே உறிஞ்சுகிறது. வியர்வை எந்த உயரத்தில் முடிகிறதோ அதுதான் உள்ளே திரவத்தின் மட்டம். அடுப்புக்கு இது ஒரு பொருட்டல்ல. ஹீட்டர் அடுப்பைவிடப் பலமடங்கு வேகமாக வாயுவை இழுப்பதால், குளிர்ந்த மலைப்பகுதிகளில், குறிப்பாகச் சிலிண்டர் தீரும் தறுவாயில், சுவாலை தளர்வதற்கு இதுவே காரணம். பியூட்டேன் பூச்சியப் பாகைக்குச் சற்றுக் கீழேயே கொதிப்பது, புரொப்பேன் −42 பாகையில் கொதிப்பது. எனவே பியூட்டேன் மிகுந்த கலவை குளிரில் மந்தமாகும். கலவை மாறினாலும் கிலோவுக்கு உள்ள வெப்பம் பெரிதாக மாறாது என்பதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும். மாறுவது அமுக்கம்.

பாதுகாப்புக்காக எரிவாயு ஹீட்டரை வெளிச்சுவரில் வைப்பதால் குழாய் நீளும். பத்து மீற்றர் அரை அங்குலக் குழாயில் ஏறத்தாழ 1.8 லீற்றர் நீர் தங்கும். ஒவ்வொரு முறையும் முதலில் குளிர்ந்த நீர் வரும். இறுதியில் அதே அளவு சுடுநீர் குழாய்க்குள் ஆறிப்போகும். முப்பது லீற்றர் குளியலுக்கு இது ஆறு சதவீத இழப்பு. கைகழுவ மட்டும் திறந்தால் இழப்பு நூறு சதவீதம்.

இப்போது விலை. 2025 நடுப்பகுதியில் லிட்ரோ எரிவாயு நிறுவனத்தின் 12.5 கிலோ சிலிண்டர் கொழும்பில் 3,690 ரூபாய். கண்டியில் ஏற்றுக்கூலிக்காகச் சற்றுக் கூடுதல். அதை 131 ஆல் வகுத்தால், தண்ணீருக்குள் சேரும் ஓர் அலகு வெப்பம் 28 ரூபாயிலிருந்து 29 ரூபாய். முதல் சிலிண்டருக்கும் பத்தாவது சிலிண்டருக்கும் ஒரே விலைதான்.

மின்சாரத்துக்கு அப்படி ஒரே விலை இல்லை. இலங்கைப் பொதுப் பயன்பாடுகள் ஆணைக்குழு அங்கீகரிக்கும் வீட்டுக் கட்டணம் படிப்படியாக ஏறுவது. 2025 ஜூன் அட்டவணையில், மாதத்துக்கு 60 அலகுக்குள் நிற்கும் வீட்டுக்கு முதல் 30 அலகு 4.50 ரூபாய் வீதம், அடுத்த 30 அலகு 8 ரூபாய் வீதம். 60ஐத் தாண்டிய வீட்டுக்கு அட்டவணையே வேறு: முதல் 60 அலகும் 12.75, பிறகு 90 வரை 18.50, 120 வரை 24, 180 வரை 41, அதற்கு மேல் 61 ரூபாய். மாதாந்த நிலையான கட்டணமும் கூடவே படி ஏறும்.

இந்த இடத்தில் பெரும்பாலோர் செய்யும் பிழை, மொத்தப் பட்டியலை மொத்த அலகால் வகுத்துச் சராசரி விலையை எடுப்பது. ஹீட்டர் வாங்கலாமா என்று யோசிப்பவருக்குச் சராசரி பயன்படாது. மின்குமிழும் குளிர்சாதனப் பெட்டியும் எப்படியும் ஓடத்தான் போகின்றன. ஹீட்டரின் அலகுகள் அவற்றின் மேல் ஏறி உட்காருகின்றன. எனவே ஹீட்டருக்குரிய விலை, பட்டியலின் கடைசிப் படியில் உள்ள விலை. பொருளியலில் இதை எல்லைச் செலவு என்பார்கள்: ஏற்கெனவே உள்ளதற்கு மேல் இன்னும் ஒன்றைச் சேர்த்தால் கூடும் செலவு. இந்த ஒரு கருத்து பிடிபட்டால் தொடக்கத்தில் சொன்ன புதிர் அவிழ்ந்துவிடும். மாதம் 40 அலகு செலவழிக்கும் ஒருவர் தினமும் ஒருமுறை குளித்தால் 18 அலகு கூடி 58 ஆகும். அந்த 18 அலகும் 8 ரூபாய்ப் படியில் விழுகின்றன. ஒரு குளியல் 4.80 ரூபாய். ஏற்கெனவே 200 அலகு ஓடும் வீட்டில் அதே குளியல் 61 ரூபாய்ப் படியில் விழுகிறது. விலை 37 ரூபாய்.

அறுபதாவது அலகில் இருப்பது படி அல்ல, மலைச்சரிவு. சரியாக 60 அலகு பாவித்த வீட்டுக்கு மின்சாரத்துக்கான தொகை 375 ரூபாய். 61 ஆனதும் எல்லா அலகும் புதிய அட்டவணைக்கு மாறி 783.50 ரூபாய் ஆகிறது. நிலையான கட்டணத்தின் உயர்வைச் சேர்க்காமலே அந்த ஓர் அலகின் விலை 408.50 ரூபாய். தனியாக வாழும் முதியவர்கள், அறை எடுத்துத் தங்கும் பேராதனை மாணவர்கள் போன்றோருக்கு இது சிறிய தொகை அல்ல. இரண்டு குளியல் கூடியதாலேயே பட்டியல் இரட்டிப்பாகக்கூடும் என்பது கட்டணத்தை வகுப்பவர்கள் தணிக்க வேண்டிய குறை.

நடுத்தரக் குடும்பம் ஒன்றை எடுப்போம்: நாலு பேர், ஹீட்டர் இல்லாமல் 100 அலகு. குளியலுக்கு மாதம் 72 அலகு கூடுகிறது. இவற்றில் 20 அலகு 24 ரூபாய்ப் படியிலும் 52 அலகு 41 ரூபாய்ப் படியிலும் விழ, நிலையான கட்டணத்தின் உயர்வைச் சேர்க்காமலே கூடுதல் தொகை 2,612 ரூபாய். எரிவாயுவில் அதே குளியல்கள் ஏறத்தாழ 2,000 ரூபாய். எரிவாயுவுக்கே வெற்றி. ஆனால் இந்த வெற்றி எவ்வளவு நிலையற்றது என்பதைக் கடந்த சில ஆண்டுகள் காட்டுகின்றன. 2014இல் வந்த மின்கட்டணம் 2022 ஓகஸ்ட் வரை மாறவில்லை. அதன்படி இந்தக் குடும்பத்தின் சுடுநீருக்கு 2,219 ரூபாய். 2021 ஒக்டோபருக்கு முன் சிலிண்டர் 1,493 ரூபாயாக இருந்ததால் எரிவாயுவில் 810 ரூபாய்தான். 2022 மே மாதத்தில் சிலிண்டர் 4,860 ரூபாய். எரிவாயுக் குளியல் 2,600 ரூபாயைத் தாண்டி மின்சாரத்தைவிட விலை கூடியது, அதுவும் அன்றைய தட்டுப்பாட்டில் வரிசையில் நின்று சிலிண்டர் கிடைத்திருந்தால். 2023 பெப்ரவரியில் மின்கட்டணம் சராசரியாக 66 சதவீதம் உயர, மின்சாரக் குளியல் 3,600 ரூபாயாகி, தராசு மறுபக்கம் சாய்ந்தது. 2025 ஜனவரியில் கட்டணம் குறைந்தபோது 2,116. எரிவாயுவோடு கிட்டத்தட்டச் சமம். ஜூனில் 15 சதவீத உயர்வு வந்ததும் மீண்டும் எரிவாயு முந்தியது. நாலைந்து ஆண்டில் இத்தனை தடவை தீர்ப்பு மாறியிருக்கிறது. எனவே இன்றைய விலையை மட்டும் பார்த்துப் பெருந்தொகை செலவழித்துக் குழாய்களை மாற்றிப்போடுவது புத்திசாலித்தனம் அல்ல.

ஹீட்டர் இல்லாத வீடுகளில் அடுப்பில் நீரைச் சுடவைத்து வாளியில் கலந்து குளிப்பதுதான் வழக்கம். பாத்திரத்தின் பக்கங்களால் வெப்பம் ஓடிவிடுவதால் எரிவாயு அடுப்பின் வினைத்திறன் 55 சதவீத அளவில்தான் நிற்கும். ஆனாலும் ஒரு வாளிக் குளியல் 15 லீற்றரோடு முடிவதால் மொத்தச் செலவு ஷவரைவிடக் குறைவு. தோட்டப் பகுதிகளில் விறகடுப்பு இன்னும் எரிகிறது. அங்கே செலவு பணமாக அல்ல, பெரும்பாலும் பெண்களின் உழைப்பாகவும் புகையாகவும் போகிறது. கூரையில் சூரிய நீர்சூடாக்கி உள்ளவருக்கு வெயில் நாளில் எரிசக்திச் செலவே இல்லை. மழை மாதங்களில் அதன் துணை மின்சுருள் மேலே சொன்ன கணக்குக்குள் வந்துவிடும்.

நேரவாரிக் கட்டணத்தைத் தெரிவுசெய்த வீட்டுக்கு மட்டும் கடிகாரம் முக்கியம். மாலை 6.30 முதல் இரவு 10.30 வரை உச்ச நேரம், விலை மிகக் கூடியது, இரவு 10.30 முதல் அதிகாலை 5.30 வரை மிகக் குறைந்தது. நல்ல உறையுள்ள கீசரை அதிகாலை நாலரைக்குப் போடும் வழக்கம் அங்கே பணமாகும். படிமுறைக் கட்டணத்தில் உள்ள வீட்டுக்கு நேரத்தால் பட்டியல் மாறாது. ஆனாலும் நாடு முழுவதும் விளக்கு எரியும் அந்த நாலு மணி நேரத்தில் ஹீட்டரைத் தவிர்ப்பது மின்நிலையங்களுக்குச் செய்யும் உதவி.

பணத்தைவிடப் பெரிய விடயம் ஒன்று உண்டு. ஒரு கிலோ எரிவாயு முழுமையாக எரிய ஏறத்தாழ 13 கன மீற்றர் காற்று வேண்டும். சிறிய குளியலறை ஒன்றின் மொத்தக் காற்றே ஏழெட்டுக் கன மீற்றர்தான். மூடிய அறைக்குள் எரிவாயு ஹீட்டர் எரிந்தால், இரண்டு மூன்று பேர் அடுத்தடுத்துக் குளிப்பதற்குள் ஒட்சிசன் குறைந்து, காபனோரொட்சைட்டு உண்டாகத் தொடங்கும். அதற்கு மணமில்லை, நிறமில்லை. குருதியின் ஈமோகுளோபினை அது ஒட்சிசனைவிட 200 மடங்குக்கு மேல் இறுக்கமாகப் பற்றிக்கொள்கிறது. குளிப்பவர் தலைசுற்றி விழும்போது கதவு உள்ளே பூட்டியிருக்கும். எரிவாயுவில் சேர்க்கும் கெட்ட வாடை கசிவைக் காட்டும், இந்த நஞ்சைக் காட்டாது. ஆகவே எரிவாயு ஹீட்டருக்கு இடம் வெளிச்சுவர் அல்லது திறந்த பல்கனி. குளியலறை ஒருபோதும் அல்ல. மின் ஹீட்டருக்கு நிலக்கம்பியும் வேலை செய்யும் ட்ரிப் சுவிட்சும் அதேபோலக் கட்டாயம்.

கணக்கை ஒவ்வொரு வீடும் தானே போட்டுக்கொள்ளலாம். 12.5 கிலோ சிலிண்டரின் அன்றைய விலையை 130 ஆல் வகுத்து வரும் தொகையை, மின்பட்டியலின் கடைசிப் படியின் விலையோடு ஒப்பிட வேண்டும். எது குறைவோ அது மலிவு. 2025 ஜூன் விலைகளின்படி, ஹீட்டரையும் சேர்த்து 60 அலகுக்குள் நிற்கும் வீட்டுக்கு மின்சாரம் மிகத் தெளிவாக மலிவு. ஹீட்டர் இல்லாமலே 60ஐத் தாண்டி, ஹீட்டரோடு 120க்குள் முடியும் வீட்டுக்கும், நிலையான கட்டணத்தின் உயர்வைச் சேர்க்காவிட்டால், மின்சாரமே மலிவு, வித்தியாசம் சிறிது. அதற்கு மேல் போகும் வீட்டில், வெளிச்சுவரில் பொருத்த இடம் இருந்தால், எரிவாயு மலிவு. 180ஐத் தாண்டிய வீட்டில் மின்சாரக் குளியல் எரிவாயுக் குளியலைப்போல் இரண்டு மடங்கு விலை.